பட்டிக்குப் பின்னால் நடக்கிறவன்

மதுரையை எரித்துவிட்டுக் கடல் கடந்து வந்த கண்ணகை அம்மன், ஈழத்தில் ஊர் ஊராகத் தங்கிப் பத்தாவதாக வந்து சேர்ந்த இடம் வற்றாப்பளை என்பது வன்னியில் வழிவழியாகச் சொல்லப்படும் கதை. அவளை முதலில் கண்டவர்கள் வன்னிபங்களும் இல்லை, உடையார்மாரும் இல்லை. நந்திக்கடல் ஓரம் மாடு மேய்த்துக்கொண்டு நின்ற பொடியங்கள். கிழவி வடிவில் வந்து பசிக்கிறது என்றாள். பொடியங்கள் பாலெடுத்துப் புக்கை பொங்கிக் கொடுத்தார்கள். இருட்டியதும் விளக்குக் கொளுத்தச் சொன்னாள். எண்ணெய்க்கு எங்கே போவது ஆச்சி என்று கேட்டார்கள். முன்னால் கிடக்கிற தண்ணியை அள்ளி ஊற்றுங்கோ என்றாள். ஊற்றினார்கள், எரிந்தது. பிறகு தலை கடிக்குது, பேன் பாருங்கோ என்று குனிந்தாள். மயிரை விலக்கிப் பார்த்தால் தலை நிறையக் கண்கள். பொடியங்கள் வெலவெலத்துப் போக, வைகாசியில் வருவேன் என்று சொல்லிவிட்டு மறைந்தாள்.

உப்புநீர் விளக்கைத்தான் எல்லாரும் பெரிய அற்புதமாகச் சொல்வார்கள். எனக்கு அந்தப் பேன்தான் பெரிசு. ஒரு நகரத்தையே எரித்தவள், யாரென்றே தெரியாத மாட்டுக்காரப் பொடியங்களின் மடியில் தலையைக் கொடுத்துப் பேன் பார்க்கச் சொல்கிறாள். அவ்வளவு அந்நியோன்னியம் அரசனுக்கும் கிடைக்கவில்லை, பூசாரிக்கும் கிடைக்கவில்லை.

சிலப்பதிகாரத்தைத் தெரிந்தவர்களுக்கு இதில் இன்னொன்றும் தட்டுப்படும். மதுரைக்கு வந்த கண்ணகிக்கும் கோவலனுக்கும் கோட்டைக்குள் இடம் கிடைக்கவில்லை. கவுந்தியடிகள் அவர்களை ஒப்படைத்தது மாதரி என்ற இடைச்சியிடம். கண்ணகி கணவனுக்குக் கடைசியாகச் சோறு சமைத்தது ஓர் ஆயர் வீட்டுக் குடிலில். கோவலன் வெட்டுண்ட செய்தி கண்ணகிக்கு எட்டுமுன் அபசகுனம் தெரிந்ததும் அந்தச் சேரிக்குத்தான். பால் உறையவில்லை, வெண்ணெய் உருகவில்லை, காளையின் கண்ணில் நீர் வடிந்தது, பசுவின் கழுத்து மணி அறுந்து விழுந்தது. செய்தி முதலில் மாட்டுக்காரருக்கு வருகிறது. ஆனால் தீர்ப்புச் சொல்லும் மண்டபத்தில் அவர்கள் யாரும் இல்லை. அடைக்கலமாக வந்தவளைக் காக்க முடியவில்லையே என்று மாதரி தீப்பாய்ந்து செத்தாள். அப்படிப்பட்ட வீட்டில் கடைசி ஆறுதலைக் கண்டவள், கடல் தாண்டி வந்த பிறகும் மாட்டுக்காரரையே தேடிப் போனாள் என்று வன்னி மக்கள் கதை கட்டினார்கள் என்றால், அவர்கள் காப்பியத்தைக் கரைத்துக் குடித்திருக்கிறார்கள் என்றுதான் அர்த்தம்.

இன்றைக்கும் பொங்கல் அந்தக் கதையின் வழியேதான் நடக்கிறது. பாக்குத் தெண்டல் என்ற சடங்கோடு தொடங்கும். சிலாவத்தைக் கடலில் தீர்த்தம் எடுத்து முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலுக்குக் கொண்டுவந்து அந்த உப்புநீரில் விளக்கேற்றுவார்கள். பிறகு அது வற்றாப்பளைக்குப் போகும். வைகாசி விசாகத்தை ஒட்டிய திங்கட்கிழமை, வடக்கின் எல்லாப் பகுதியிலிருந்தும் சனம் வந்து குவியும். மாட்டுக்கு நோய் வந்தால் நேர்த்தி, காணாமற்போன மாடு வந்தால் நேர்த்தி. வடக்கில் எத்தனையோ கோயில்கள் ஆகமத்துக்கும் ஐயர்மாருக்கும் மாறிவிட்ட காலத்தில், இடைப்பொடியங்களின் புக்கையை நடுவில் வைத்திருக்கும் ஒரு கோயில் இவ்வளவு பெரிய சனத்தை இழுப்பது சின்ன விஷயமில்லை. யாழ்ப்பாணத்தவர் வேறு, வன்னியர் வேறு என்று நாங்கள் ஓரளவு வீம்போடு சொல்லிக்கொள்வதற்கு ஆதாரம் கேட்டால், நான் வரலாற்று நூல்களைத் தூக்கமாட்டேன். இந்தப் பொங்கலைக் காட்டுவேன்.

அதே வன்னியில், படிக்காத பிள்ளையைப் பார்த்து வாத்தியார் சொல்வது: “நீ மாடு மேய்க்கத்தான் லாயக்கு.”

உலகத்தில் வேறோர் இடத்தில் மாடு மேய்க்கிறவன் நாட்டுக்கே அடையாளமாகிப்போனான். அந்தக் கதையைக் கொஞ்சம் பார்க்கலாம். நம் ஆட்களுக்குக் கௌபாய் என்றால் ஜெய்சங்கர். 1972 இல் கர்ணன் இயக்கிய ‘கங்கா’, ‘ஜக்கம்மா’ இரண்டிலும் தொப்பி இருந்தது, குதிரை இருந்தது, துப்பாக்கி இருந்தது. மேய்ப்பதற்கு மாடுதான் இல்லை. இதற்காகக் கர்ணனைக் குறை சொல்லத் தேவையில்லை. ஹொலிவூட்டிலேயே ஹோவர்ட் ஹோக்ஸின் ‘ரெட் ரிவர்’ (1948) போலச் சிலதைத் தவிர்த்தால் மாட்டைக் காண்பது அரிது.

உண்மையான கௌபாய் காலம் மிகக் குறுகியது. 1867 இல் கான்சாஸ் மாநிலத்து அபிலீன் நகரில் ரயிலுக்கு மாடு ஏற்றத் தொடங்கினார்கள். டெக்சாசிலிருந்து ஆயிரக்கணக்கான மாடுகளைச் சிஷோம் பாதையால் சாய்த்துக்கொண்டு போனார்கள். ஏறக்குறைய இருபது வருடம். 1874 இல் ஜோசப் கிளிடன் என்ற இலினோய் விவசாயி முட்கம்பிக்குக் காப்புரிமை எடுத்தார். வேலியில்லாத வெளி வேலிக்குள் போனது. 1886 - 87 பனிக்காலத்தில் வடக்குப் புல்வெளிகளில் மாடுகள் இலட்சக்கணக்கில் உறைந்து செத்தன. அதோடு அந்தத் தொழில் படுத்தது. புராணம் அதற்குப் பிறகுதான் எழுந்து நின்றது. அந்தப் பனியில் டக்கோட்டாவில் தன் மந்தையில் பெரும்பகுதியை இழந்த ஒரு பணக்கார வாலிபன், தியடோர் ரூஸ்வெல்ட், 1901 இல் சனாதிபதியானார். மாட்டுக்காரன் என்ற பெயர் அவருக்கு வாக்காகவும் பயன்பட்டது. றேகன் வரைக்கும் அந்தத் தொப்பி அரசியலுக்கு உதவியது. தனியாள், சொன்ன சொல் தவறாதவன், சட்டம் வராத இடத்தில் தானே சட்டமானவன் என்று அந்தத் தலைமைக்கு ஓர் உருவம் கிடைத்தது. மெய்யான கௌபாய்களில் நாலில் ஒருவர் கறுப்பினத்தவர் என்று வரலாற்றாசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். குதிரையும் கயிறும் குறிசுடுதலும் மெக்சிக்கோ மேய்ப்பர்களிடம் படித்த வித்தை. புராணம் இவர்களை எல்லாம் படத்திலிருந்து வெட்டி எறிந்துவிட்டது.

நம்பிக்கையிலும் அவர்களுக்கு ஒரு வழி உண்டு. டெக்சாசில் இன்று கௌபாய் தேவாலயங்கள் என்றே இருக்கின்றன. மாடு பழக்கும் கொட்டிலில் ஆராதனை நடக்கும். மாடு தண்ணீர் குடிக்கும் தொட்டியில் ஞானஸ்நானம் கொடுப்பார்கள். கேட்கும்போது சிரிப்பு வரலாம். கடல்நீரில் விளக்கேற்றுகிற நாங்கள் சிரிக்கக்கூடாது.

ஆனால் ஒப்புமை ஓரிடத்தில் தலைகீழாகிறது, அதைச் சொல்லத்தான் இவ்வளவு தூரம் வந்தேன். அமெரிக்கக் கௌபாய் குடியேற்றத்தின் முன்னணி ஆள். அவன் மாடு மேய்ந்த புல்வெளியில் அவனுக்கு முன் வேறு சனம் இருந்தது. காட்டெருமையைக் கொன்று தீர்த்து, அதை நம்பி வாழ்ந்த சனத்தை ஒதுக்கப்பட்ட நிலத்துக்குள் அடைத்த பிறகுதான் அந்த வெளி காலியாயிற்று. வன்னியில் குடியேற்றமும் முகாமும் எல்லைக்கல்லும் வந்தபோது ஒதுங்கிப் போனவன் மாட்டுக்காரன். படத்தில் தொப்பியைப் பார்த்து நாங்கள் கௌபாய் பக்கம் கைதட்டினோம். கதையில் எங்கள் மாட்டுக்காரன் நிற்பது செவ்விந்தியன் பக்கத்தில்.

அவன் வேலையைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்ப்போம். புதுக்குடியிருப்பு, மன்னாகண்டல், கொம்பாவில் பக்கம் பட்டி வைத்திருப்பவர்களின் வருடம் நெல்லின் வருடத்தோடு பின்னியது. காலபோக விதைப்புத் தொடங்குமுன் மாட்டை வயல்வெளியிலிருந்து சாய்த்துக் காட்டுப் பக்கம் கொண்டுபோக வேண்டும். அங்கே தடியும் முள்ளும் வைத்து அடைத்த பட்டி, பக்கத்தில் ஒரு கொட்டில், கொட்டில் வாசலில் அணையாத தீனா. மாரி முழுக்க அங்கேதான் சீவியம். அரிவு வெட்டு முடிந்து சூடு எடுத்த பிறகு மாடு திரும்பி வந்து அரிதாளில் மேயும். இரவில் வயலிலேயே பட்டி அடைத்தால் சாணமும் சலமும் அந்த மண்ணுக்கு. உழவு இயந்திரமும் யூரியாவும் வருமுன் வயல்காரனுக்கு மாட்டுக்காரன் வேண்டியிருந்தான். உழுவதற்கும் மாடு, சூடு மிதிப்பதற்கும் மாடு. இப்போது வெட்டுகிற இயந்திரமே தூற்றியும் தருகிறது. மாட்டுக்காரனிடம் வயல்காரனுக்கு மிச்சமிருப்பது வழக்கு ஒன்றுதான்.

குறி சுடுகிற நாளைப் பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள். நாம்பன் கன்றை நாலு பேர் கயிறு போட்டு விழுத்துவார்கள். ஒருவர் கழுத்தில் முழங்காலை ஊன்றுவார், ஒருவர் வாலைக் காலுக்குள்ளால் இழுத்துப் பிடிப்பார். பாலை விறகுத் தணலில் இரும்பு சிவந்துகொண்டிருக்கும். குறி வைக்கிறவர் பெரும்பாலும் வயசாளி. இரும்பை எடுத்ததும் தணலின் சாம்பலைத் தட்டுவார், வாய்க்குள் ஏதோ சொல்வார், பிறகு ஒரே அழுத்து. மயிர் கருகும் மணம், ஒரு கத்தல், அவ்வளவுதான். இரும்பை ஆட்டினால் எழுத்துக் கலைந்துவிடும், அழுத்திப் பிடித்தால் தோல் வெந்து புண்ணாகும். எவ்வளவு நேரம் என்பது அவர் கைக்குத் தெரியும். பிறகு காயத்துக்கு எண்ணெயும் மஞ்சளும். அந்த எழுத்துத்தான் மாட்டின் அடையாள அட்டை. 1958 ஆம் ஆண்டின் மிருகங்கள் சட்டத்தில் குறிக்கும், மாட்டுச் சிட்டைக்கும் இடம் உண்டு. இப்போது காதில் மஞ்சள் இலக்கத் தகடும் வந்துவிட்டது. தகட்டைக் கள்ளன் பிடுங்கி எறிவான். குறியைப் பிடுங்க முடியாது.

காட்டுக்குள் இறங்கும்போது அவர்கள் செய்வதும் கவனிக்க வேண்டியது. வழியோரம் ஒரு மரத்தடியில் ஒரு கல் இருக்கும். ஐயனார் என்பார்கள், பிள்ளையார் என்பார்கள். பக்கத்துச் செடியில் ஒரு குழை முறித்துக் கிளையில் கொழுவிவிட்டு நடப்பார்கள். பூசை இல்லை, மந்திரம் இல்லை. ஹென்றி பார்க்கர் 1909 இல் வெளியிட்ட ‘பண்டைய இலங்கை’ பற்றிய நூலில் வடமத்தியக் காடுகளில் சிங்களக் கிராமத்தவரும் இப்படிக் குழை கொழுவுவதை எழுதியிருக்கிறார். எங்கள் ஐயனார் அவர்களுக்கு ஐயநாயக்க, குளக்கட்டுக்கும் காட்டுக்கும் காவல். எங்கள் கண்ணகை அவர்களுக்குப் பத்தினி. வன்னிக்காட்டின் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மாடு மேய்த்தவன் ஒரே பயத்துக்கு ஒரே மாதிரிக் குழை முறித்திருக்கிறான். எல்லையைக் கோடு போட்டுப் பிரித்தவர்கள் யாரும் காட்டில் இரவு படுத்தவர்கள் இல்லை. இதைச் சொல்வதால் எல்லாம் ஒன்றுதான் என்று நான் சமாதானப் பாட்டுப் பாடுவதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். கோயிலா விகாரையா என்ற இழுபறியில் குருந்தூர்மலையில் என்ன நடக்கிறது என்று பார்த்துக்கொண்டிருக்கிற ஒருவருக்கு அந்தப் பாட்டு வாயில் வராது.

தலைமை என்று வந்தால், இந்த மண்ணில் அதற்குச் சிலைகளும் கற்களும் தாராளம். வவுனியாவில் பண்டாரவன்னியன் நிற்கிறார். 1803 ஒக்டோபர் 31 இல் அவரைத் தோற்கடித்ததாகக் கற்சிலைமடுவில் வெள்ளைக்காரன் நாட்டிய கல் ஒன்று உண்டு. வீரனுக்குச் சாட்சி எதிரியின் கல்தான் என்பது வேடிக்கை. புதுக்குடியிருப்பில், 2009 க்குப் பிறகு, குளத்து நடுவே துப்பாக்கியும் கொடியும் உயர்த்திய படைவீரன் ஒருவனை அரசாங்கம் எழுப்பியது. அதே ஊரில் பிரபாகரன் இருந்த நிலத்தடி வீட்டைத் தெற்கிலிருந்து பஸ் பஸ்ஸாக வந்து பார்த்தார்கள். 2013 ஒக்டோபரில் படையினர் அதை வெடிவைத்துத் தகர்த்தார்கள். தலைவன் என்றால் முன்னால் நிற்கிறவன், ஆயுதம் வைத்திருப்பவன் என்பதில் மட்டும் இங்கே எல்லாத் தரப்பும் ஒத்துப்போகின்றன.

பழந்தமிழனும் அப்படித்தான் என்பீர்கள். ஆநிரை கவர்வதற்கு வெட்சி, மீட்பதற்குக் கரந்தை, மீட்கப்போய் மாண்டவனுக்கு நடுகல். உண்மைதான். ஆனால் திருவண்ணாமலைப் பக்கம் எடுத்தனூரில் ஒரு நடுகல் இருக்கிறது, பல்லவன் மகேந்திரவர்மன் காலத்தது. அதில் வீரனோடு அவன் நாயும் நிற்கிறது. கோவிவன் என்று அதன் பெயரையும் பொறித்திருக்கிறார்கள். மாட்டைக் காத்ததில் நாய்க்கும் பங்குண்டு என்று ஒப்புக்கொண்ட சமூகம் அது. பட்டியோடு வாழ்ந்தவர்களுக்குத்தான் இந்த நியாயம் தோன்றும்.

பட்டியில் தலைமை வேறு விதம். காலையில் பட்டிவாசல் திறந்தால் முதலில் வெளிக்கிடுவது கழுத்தில் மணி கட்டிய ஒரு கிழட்டுப் பசு. அதற்குப் பாதை தெரியும், தண்ணீர் தெரியும், எந்தப் பற்றையில் பாம்பு கிடக்கும் என்றும் தெரியும்போல. மற்றவை அதன் பின்னால். கடைசியில், புழுதிக்குள், தடியைத் தோளில் குறுக்கே போட்டபடி அவன். கௌபாய்களிலும் மந்தைக்குப் பின்னால் வருகிறவன் உண்டு, கூட்டத்தில் ஆகக் கடைநிலை ஆள், வழி முழுக்கப் புழுதி தின்பவன். இங்கே எல்லாருக்கும் அந்த இடம்தான். நொண்டுவது எது, சினைமாடு எது, பின்தங்குவது எது என்று பின்னால் நடக்கிறவனுக்குத்தான் தெரியும். முன்னால் போகிறவனுக்குக் கூட்டம் முழுக்கத் தன் பின்னால் வருவதாக நினைப்பு. வன்னியில் முப்பது வருடமாக முன்னால் நின்று போனவர்களைப் பற்றி எழுதித் தள்ளியிருக்கிறோம். அந்தக் காலத்தில் யார் யார் பின்தங்கினார்கள் என்று எண்ணிப் பார்த்தவர் குறைவு.

2008 கடைசியில் போருக்குத் தப்பி மேற்கு வன்னியிலிருந்து சனம் இடம்பெயர்ந்து பரந்தன் - முல்லைத்தீவு வீதியால் வந்தபோது மாடுகளும் வந்தன. தருமபுரம், விசுவமடு, உடையார்கட்டு, சுதந்திரபுரம், தேவிபுரம் என்று ஒவ்வோர் இடமாகச் சாய்த்துக்கொண்டு வந்தார்கள். புதுக்குடியிருப்பு தாண்டி மாத்தளன், முள்ளிவாய்க்கால் என்று ஒடுங்கியபோது சாய்க்க இடமில்லை, புல்லில்லை, பொழுதுமில்லை. கயிற்றை அவிழ்த்துவிட்டார்கள். கட்டியிருந்தால் நின்ற இடத்தில் சாகும், அவிழ்த்தால் எங்கேயாவது பிழைக்கும் என்ற கணக்கு. பல வீடுகளில் கடைசியாகச் செய்த வேலை அதுதான். முள்வேலி முகாமிலிருந்து மீண்டும் ஊருக்கு வந்தவர்கள் வீட்டைத் தேடியதோடு மாட்டையும் தேடினார்கள். காட்டில் கட்டாக்காலியாய்த் திரிந்த மாடுகளில் தங்கள் குறியைப் பார்த்து அடையாளம் கண்டவர்களும் உண்டு, கண்டும் மீட்க முடியாதவர்களும் உண்டு. மிதிவெடி அகற்றாத நிலத்துக்குள் மாடு போனால் பின்னால் போவதா விடுவதா என்ற கேள்வி பல வருடம் இருந்தது.

பிறகு 2022 டிசம்பர். மண்டூஸ் புயலை ஒட்டி அடித்த குளிர்காற்றிலும் மழையிலும் வடக்கிலும் கிழக்கிலும் நூற்றுக்கணக்கான மாடுகள் நின்ற நிலையில் விழுந்து செத்தன. எங்கள் மாடு குளிருக்குப் பழகியதில்லை என்பது ஒரு காரணம். முழுக்காரணம் அதுவல்ல. மாரிகாலத்தில் மாடு இருக்க வேண்டியது மேட்டுக் காட்டில், மரத்தின் ஒதுக்கில். அங்கே போகத் தடை இருந்தால் வெட்ட வெளியில், சேற்றில், அரைவயிற்றோடு நிற்கும். பசித்த மாட்டைக் குளிர் சுலபமாகக் கொல்லும். 1886 பனியில் செத்த அமெரிக்க மாடுகளும் முந்திய கோடையில் புல்லில்லாமல் மெலிந்தவைதான். அங்கே அதற்குப் பிறகு வைக்கோல் சேர்த்தார்கள், கொட்டில் போட்டார்கள், மேய்ச்சலைக் கணக்கிட்டார்கள். இங்கே செத்த மாட்டைக் கணக்கெடுத்தார்கள்.

மேட்டுக் காட்டுக்கு ஏன் போக முடியவில்லை என்று கேட்டால் பதில் ஒரு திணைக்களத்தில் நிற்காது. வனவளத் திணைக்களம் எல்லைக்கல் போட்டிருக்கும். வனஜீவராசிகள் திணைக்களம் சரணாலயம் என்னும். மணலாற்றுப் பக்கம் மகாவலி அதிகார சபை. அங்கே 1984 டிசம்பரில் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய், கருநாட்டுக்கேணிச் சனத்தை எழுப்பிய நாளிலிருந்து மேய்ச்சலும் போயிற்று. கேப்பாப்புலவில் படைத் தலைமையகம். புதுக்குடியிருப்பிலிருந்து வற்றாப்பளைக்கு நந்திக்கடல் கரையால் போகிற பாதை அந்த ஊருக்குள்ளால்தான். 2017 ஜனவரி முடிவில் அந்த ஊரின் பிலவுக்குடியிருப்புச் சனம் முகாம் வாசலில் குந்தி, மார்ச் முதலாம் திகதி தங்கள் காணிக்குள் கால் வைத்தது. வீட்டுக்காணிக்காக அப்படிக் குந்தலாம், உறுதி கையில் இருக்கும். மேய்ச்சல் தரவைக்கு யாரிடம் உறுதி இருக்கிறது? அது எல்லாருக்கும் உரியதாய் இருந்ததால், கேட்கும்போது ஒருவருக்கும் உரியதில்லாமல் போய்விட்டது.

மட்டக்களப்பில் மயிலத்தமடு, மாதவணை மாட்டுக்காரர்கள் 2023 செப்டெம்பரில் சித்தாண்டியில் வீதியோரம் குந்தினார்கள். அயல் மாவட்டங்களிலிருந்து வந்து தரவையை உழுதவர்களுக்கு எதிராக மாதக்கணக்கில் நடந்த போராட்டம் அது. வாயில்லாச் சீவனுக்காக வீதிக்கு வந்தவர்கள் என்று பத்திரிகைகள் எழுதின. தமிழ் அரசியல்வாதிகள் போய்ப் படமெடுத்தார்கள். அந்தப் படங்களில் பார்த்தால் நடுவில் இருப்பவர் அரசியல்வாதி, மாட்டுக்காரர் ஓரத்தில்.

எல்லாப் பழியையும் கொழும்பின் தலையில் போட்டுவிட்டுத் தப்ப நான் தயாரில்லை. குளத்தின் அலைகரையை வளைத்து நெல் விதைப்பது எங்கள் ஆட்கள். தரவையை அடைத்துத் தென்னை வைத்ததும், மணல் ஏற்றியதும் எங்கள் ஆட்கள். இரவில் லொறியில் மாடு கடத்துகிறவனுக்கு வழி காட்டுவது உள்ளூர்க்காரன். பெரிய பட்டிகளில் சில, ரவுணில் கடை வைத்திருப்பவருடையவை. மேய்க்கிறவன் கூலிக்கும், ஈற்றுக்கன்றில் ஒரு பங்குக்கும் காட்டில் கிடக்கிறான். பால் சேகரிக்கும் நிலையத்துப் புத்தகத்தில் முதலாளியின் பெயர். மாடு வயலுக்குள் போய்விட்டால் தண்டம் கட்டவும் ஏச்சு வாங்கவும் மேய்க்கிறவன். வெட்டுக்காயத்தோடு, சில நேரம் வெடிபட்டு, மாடு பட்டிக்கு வருவதும் உண்டு. சுட்டவன் வேற்றூரான் என்று எப்போதும் சொல்லிவிட முடியாது.

அமெரிக்காவில் தொழில் செத்த பிறகு மாட்டுக்காரனைத் தெய்வமாக்கினார்கள். நாங்கள் தெய்வக் கதையில் அவனை முதலில் வைத்துவிட்டு, தொழிலை உயிரோடு இருக்கும்போதே சாகவிடுகிறோம். இரண்டில் எது மோசம் என்றால் எங்களுடையதுதான் என்பேன். அங்கே அந்தத் தொழில் இருபது வருடத்துப் பிள்ளை. இங்கே அதன் வயது எவ்வளவு என்று சொல்ல ஆளில்லை.

கடைசியாக நடைமுறை விஷயம் ஒன்று. ஒவ்வொரு வருடமும் காலபோகத்துக்கு முன் பயிர்ச்செய்கைக் கூட்டம் நடக்கும். பிரதேச செயலர், நீர்ப்பாசன, கமநல உத்தியோகத்தர்கள், கமக்காரர் அமைப்புத் தலைவர்கள் இருப்பார்கள். எந்தத் திகதி குளம் திறப்பது, எந்தத் திகதிக்குள் விதைப்பது, எந்தத் திகதிக்குள் மாடுகளை வயல்வெளியிலிருந்து அகற்றுவது என்று தீர்மானிப்பார்கள். தீர்மானத்தை மீறினால் சட்டம் உண்டு. அகற்றிய மாட்டை எங்கே கொண்டுபோவது என்ற தீர்மானம் அந்தக் குறிப்பேட்டில் இல்லை. பட்டிக்காரர் சங்கத்திலிருந்து ஆட்களை அந்த மேசையில் இருத்துங்கள். கூலிக்கு மேய்க்கிறவனும் அதில் ஒருவனாக இருக்கட்டும். திகதி எழுதுகிற அதே பக்கத்தில் தரவையின் பெயரையும் எல்லையையும் எழுதுங்கள். பிறகு அதை நில அளவைத் திணைக்களத்தைக் கொண்டு அளந்து வர்த்தமானியில் போடுங்கள். இதற்கு அரசியலமைப்பு மாற்றமும் தேவையில்லை, சர்வதேசமும் தேவையில்லை. புதுக்குடியிருப்புப் பிரதேச செயலகத்திலேயே தொடங்கலாம், வருகிற காலபோகத்துக்கு முன்பே.